இல்லாத இருபத்தெட்டு நாட்கள்

பிப்ரவரி 26

அன்புள்ள மாமாவுக்கு,

நடந்ததை எல்லாம் உள்ளது உள்ளபடி இந்தக் கடிதத்தில் எழுதப் போகிறேன். கூட்டவும் மாட்டேன், குறைக்கவும் மாட்டேன். நீங்கள் இதைப் பிரிக்காமலே திருப்பி அனுப்பிவிடலாம். உங்கள் கடிதங்களை அம்மா அப்படித்தான் செய்தாள். ஆனால் ஏழு வயதில் உங்கள் புத்தகத்தின் முப்பத்தொன்றாம் பக்கத்தில் அச்சுப்பிழை கண்டுபிடித்ததற்காக எனக்கு ‘எழுத்தெண்ணி’ என்று பெயர் வைத்தவர் நீங்கள். அந்த உரிமையில் எழுதுகிறேன்.

அம்மாவின் புத்தகத்தை மதிப்பிட்டு நீங்கள் எழுதிய அறிக்கை ஜனவரிக் கடைசியில் பல்கலைக்கழகத்துக்கு வந்தது. நவீன ஜப்பானிய வரலாறு படித்தவர்கள் இங்கே விரல்விட்டு எண்ணக்கூடியவர்கள், அதில் இரண்டு பேர் ஒரே வயிற்றில் பிறந்துவிட்டார்கள், வேறு யாருக்கு அனுப்புவது என்று துறைத் தலைவர் கேட்டாராம். அண்ணன் தங்கைக்குள் மூன்று வருடமாகப் பேச்சில்லை, ஆகவே பாரபட்சமும் இருக்காது என்றாராம். அதைக் கேட்டு எல்லாரும் சிரித்தார்களாம். துறையில் தட்டச்சு செய்யும் அக்கா சொன்னாள்.

உங்கள் அறிக்கையின் ஒரு பகுதி எனக்கு மனப்பாடம் ஆகிவிட்டது. “இந்நூலின் 212-ஆம் பக்கத்தில், இறந்து இருபத்தைந்து நாட்களான ஒரு பெண் பிரசவிக்கிறாள். இந்த அற்புதத்துக்கு ஆசிரியர் காட்டும் ஒரே சான்று, அவரைத் தவிர வேறு எவரும் பார்த்திராத ஒரு மருத்துவச்சியின் குறிப்பேடு. அது புனையப்பட்டதோ என்ற ஐயத்தைத் தவிர்க்க இயலவில்லை.”

இப்போது துறையின் நடைக்கூடத்தில் அம்மா போனால், “பேய்க்குப் பிரசவம் பார்த்தவங்க போறாங்க” என்று பின்னால் ஒரு குரல் கேட்கிறதாம். போன வாரம் வகுப்பில் ஒரு மாணவன் கை தூக்கி, “மேடம், அந்தக் குழந்தை இப்ப எப்படி இருக்கு?” என்று கேட்டான். அம்மா சுண்ணக்கட்டியை மேசையில் வைத்துவிட்டு வெளியே வந்துவிட்டாள். அதற்குப் பிறகு வகுப்புக்குப் போகவில்லை.

ஏப்ரல் இரண்டாம் தேதி விசாரணை. அம்மாவின் பணி நிரந்தரமாவது அந்தப் புத்தகத்தை வைத்துத்தான். குறிப்பேடு உண்மையில் இருந்தது என்று காட்டாவிட்டால் புத்தகமும் போகும், வேலையும் போகும்.

உங்களுக்குத் தெரியும், அந்தக் குறிப்பேட்டை வைத்திருந்த குடும்பம் புகைப்படம் எடுக்க விடவில்லை. அம்மா மூன்று மாதம் ஜப்பானில் அந்த வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்து நான்கு நோட்டுகளில் கையால் எழுதிக்கொண்டு வந்தாள். வீட்டுக்காரப் பெரியவர் பிறகு இறந்துவிட்டார். வீட்டை இடித்துவிட்டார்கள். குறிப்பேடு எங்கே போனது என்று அவர் மகனுக்கு அம்மா ஆறு கடிதம் எழுதியும் பதில் இல்லை. இப்போது அம்மாவின் நான்கு நோட்டுகளில் மூன்றாவதைக் காணவில்லை. 212-ஆம் பக்கத்துக்கான தேதி அதில்தான் இருக்கிறது.

மாமா, நீங்கள் அறிக்கையைத் திரும்பப் பெற்றுக்கொள்ள வேண்டும். தங்கை என்பதற்காக இல்லை. அம்மா பொய் எழுத மாட்டாள் என்று உங்களுக்குத் தெரியும் என்பதற்காக.

பதிலை எங்கள் பள்ளி நூலக முகவரிக்கு அனுப்புங்கள். வீட்டுக்கு வேண்டாம்.

எழுத்தெண்ணி


மார்ச் 3

எழுத்தெண்ணிக்கு,

உன் கடிதத்தைப் பிரித்தேன், படித்தேன். பிழையில்லாமல் எழுதுகிறாய்.

அறிக்கையைத் திரும்பப் பெற முடியாது. அன்பு இல்லாததால் அல்ல, ஆதாரம் இல்லாததால். நீயே சொல். அந்தப் பெண் இறந்தது 1873 ஜனவரி 19 என்று கிராம அலுவலர் மாவட்டத்துக்கு அனுப்பிய பட்டியலில் இருக்கிறது. பெயர், வயது, கணவன் பெயர், எல்லாம் இருக்கிறது. அதே பெண்ணுக்கு அதே வருடம் பிப்ரவரி 13 அன்று பிரசவம் பார்த்ததாக உன் அம்மா எழுதுகிறாள். நான் எதை நம்ப வேண்டும்? முத்திரை குத்திய காகிதத்தையா, காணாமல் போன நோட்டையா?

உன் அம்மாவுக்கும் எனக்கும் சண்டை சொத்துக்காக இல்லை என்பதை நீ தெரிந்துகொள்ளும் வயது வந்துவிட்டது. நான் அரசாணை, புள்ளிவிவரம், அமைச்சரவைக் குறிப்பு இவற்றைப் படித்து ஜப்பான் எப்படி மாறியது என்று சொல்பவன். அவள் மளிகைச் சீட்டு, மருத்துவச்சிக் குறிப்பு, மாமியாருக்கு மருமகள் எழுதிய கடிதம் இவற்றைப் படித்து, மாறவே இல்லை என்று சொல்பவள். இரண்டும் வேண்டியதுதான். ஆனால் தன் முந்தைய புத்தகத்தின் முன்னுரையில், ‘ஆணைகளை மட்டும் படிப்பவர்கள் அரசாங்கத்தின் மடியில் தலைவைத்துக் குறட்டை விடுகிறவர்கள்’ என்று எழுதினாள். இந்த ஊரில் ஆணைகளைப் படிப்பவன் நான் ஒருவன்தான். என் மனைவிகூட, “குறட்டை விஷயம் அவளுக்கு எப்படித் தெரிஞ்சுது?” என்று கேட்டாள்.

போகட்டும். புத்தகம் முழுக்க, ‘சாதாரண மக்கள் அரசாங்கத்தின் காலத்தில் வாழவில்லை, தங்கள் காலத்திலேயே வாழ்ந்தார்கள்’ என்கிறாள். நல்ல வாக்கியம். அதற்கு ஒரு சான்று காட்டச் சொல். ஒன்றே ஒன்று. மூன்றாவது நோட்டு கிடைத்தால் எனக்குத் தெரிவி.

மாமா


மார்ச் 8

அன்புள்ள மாமாவுக்கு,

நோட்டு கிடைக்கவில்லை.

வீட்டில் என்ன நடக்கிறது என்று எழுதுகிறேன். அம்மா அலமாரியில் இருந்த புத்தகங்களை எல்லாம் தரையில் இறக்கி, ஒவ்வொன்றையும் முதுகைப் பிடித்து உதறிப் பார்த்தாள். பிறகு தலையணை உறைகள். பிறகு அரிசி டப்பா. அப்பா தன் பல் செட் செய்யும் பட்டறையிலிருந்து திருப்புளியைக் கொண்டுவந்து குளிர்சாதனப் பெட்டியின் பின்பலகையைக் கழற்றினார். “அங்க எப்படிங்க நோட்டு போகும்?” என்று அம்மா கேட்டாள். “போகாதுதான். நீ கேட்டா பார்த்தாச்சுன்னு சொல்லணும்ல” என்றார் அப்பா.

நேற்று சாப்பிடும்போது அம்மா திடீரென்று கையை நிறுத்திக்கொண்டாள்.

“நான் நாலு நோட்டு கொண்டுவந்தேன்ல? நீங்க பார்த்தீங்கதானே?”

“நாலுதான். நான்தான் பெட்டியிலேருந்து எடுத்து வெச்சேன்.”

“மூணாவதுல என்ன இருந்துச்சு?”

“எனக்கு எப்படிம்மா தெரியும்? நான் அடுத்தவங்க வாயைத் திறந்து பார்க்கிறவன். நோட்டைத் திறந்து பார்க்கல.”

அப்பா சிரிக்க வைக்கத்தான் சொன்னார். அம்மா சிரிக்கவில்லை. “ஒருவேளை நானே இட்டுக்கட்டி எழுதிட்டேனோ?” என்று கேட்டாள். மாமா, அதைக் கேட்ட விதம் சும்மா பேச்சுக்குக் கேட்டது போல இல்லை. நிஜமாகவே பதில் தெரியாமல் கேட்டாள். பிறகு குளியலறைக்குப் போய்க் குழாயைத் திறந்துவிட்டு நெடுநேரம் உட்கார்ந்திருந்தாள். வாளி நிரம்பி வழிந்து கதவுக்கு அடியில் தண்ணீர் வந்தது. இப்போது தினமும் காலையில் என்னிடம், “இன்னிக்கு என்ன தேதி?” என்று கேட்கிறாள். நான் சொன்ன பிறகு நாள்காட்டியில் போய்ச் சரிபார்க்கிறாள்.

உங்களிடம் ஒரு சந்தேகம் கேட்க வேண்டும். பொதுவாகத்தான் கேட்கிறேன். ஒருவர் ஒரு தேதியில் தவறு இருப்பதாக நினைத்து, நல்ல எண்ணத்தில் அதைத் திருத்திவிட்டால், அது புனைவு ஆகுமா? அப்படித் திருத்தியவருக்கு என்ன தண்டனை?

எழுத்தெண்ணி


மார்ச் 12

எழுத்தெண்ணிக்கு,

‘ஒருவர்’ யார்?

நீ பொதுவாகக் கேட்டதால் நானும் பொதுவாக ஒரு கணக்குச் சொல்கிறேன். 1872-இல் ஜப்பானிய அரசாங்கம் பழைய சந்திர நாள்காட்டியைக் கைவிட்டது. பன்னிரண்டாம் மாதம் இரண்டாம் தேதிக்கு அடுத்த நாள் மூன்றாம் தேதி அல்ல, ஜனவரி ஒன்று என்று ஆணை போட்டது. மூன்று வாரச் சொச்சம்தான் அவகாசம். பழைய கணக்கில் அந்த மாதம் முப்பது நாள். ஆக, மூன்று முதல் முப்பது வரை இருபத்தெட்டு நாட்கள் இல்லாமலே போயின.

உன் அம்மா சொல்லும் பிப்ரவரி 13-லிருந்து அந்த இருபத்தெட்டு நாளைக் கழி. ஜனவரி 16 வரும். அந்தப் பெண் இறந்தது ஜனவரி 19. பிரசவமாகி மூன்றாம் நாள் காய்ச்சலில் தாய் போவது அந்தக் காலத்தில் எங்கும் நடந்தது. கச்சிதமாகப் பொருந்துகிறது. அப்படியானால் பழைய தேதியைப் புதிய தேதியாக மாற்றும் வேலையை யாரோ ஒருவர் செய்துவிட்டார், அது தெரியாமல் உன் அம்மா மறுபடியும் ஒரு முறை செய்திருக்கிறாள்.

அந்த யாரோ ஒருவர் தண்டனையைப் பற்றி ஏன் கேட்கிறார்?

மாமா


மார்ச் 15

மாமா,

நான்தான்.

முதல் கடிதத்தில் எல்லாவற்றையும் உள்ளபடி எழுதுவதாகச் சொன்னேன். அதில் எழுதியது எல்லாம் உண்மை. ஆனால் எல்லாவற்றையும் எழுதவில்லை.

இரண்டு வருடத்துக்கு முன் அம்மா மாடிப்படியில் விழுந்து வலது மணிக்கட்டில் மாவுக்கட்டுப் போட்டிருந்தாள். பதிப்பகத்துக்குக் கொடுத்த கெடு நெருங்கியது. எனக்குக் கோடை விடுமுறை. நோட்டில் இருக்கும் ஒவ்வொரு குறிப்பையும் தனித்தனி அட்டையில் எழுதித் தரச் சொன்னாள். மேலே இடதுபக்கம், குறிப்பேட்டில் இருக்கும் தேதி, அப்படியே. கீழே குறிப்பு. மேல் வலது மூலையை நான் தொடக்கூடாது. அங்கே அம்மா இடது கையால் சிவப்புப் பென்சிலில் இன்றைய கணக்குத் தேதியைப் போடுவாள்.

மூன்றாவது நோட்டில் பன்னிரண்டாம் மாதம் ஆறாம் தேதி என்று வந்தது. அப்புறம் ஒன்பது, பதினொன்று, பதினெட்டு. மொத்தம் பதினோரு குறிப்புகள். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அந்த நாட்கள் இல்லவே இல்லை என்று அம்மாவே தன் வகுப்புக் குறிப்பில் எழுதியிருந்ததை நான் படித்திருந்தேன். அம்மா களைப்பில் தப்பாக எழுதிக்கொண்டு வந்துவிட்டாள் என்று நினைத்தேன். கேட்டிருக்கலாம். ஆனால் கட்டுப் போட்ட கையோடு அம்மா சோர்ந்து படுத்திருந்தாள், அவள் தப்பை அவளிடமே காட்டினால் வருத்தப்படுவாள் என்று தோன்றியது. இது பாதி உண்மை. மீதிப் பாதி என்னவென்றால், அம்மாவின் தவறை நானே கண்டுபிடித்து அவளுக்குத் தெரியாமல் சரிசெய்துவிட்டேன் என்பதில் எனக்குப் பெருமை தாங்கவில்லை. ஒரு வாரம் கால் தரையில் படவில்லை.

பழைய தேதிகளையும் புதிய தேதிகளையும் பக்கத்தில் பக்கத்தில் போட்டிருந்த அம்மாவின் ஒப்பீட்டு அட்டவணையைப் பார்த்து, பன்னிரண்டாம் மாதம் பதினெட்டை ஜனவரி பதினாறு என்று மாற்றினேன். அட்டையின் இடதுபக்கம் ‘முதல் மாதம், 16’ என்று எழுதினேன். பதினோரு அட்டையும் அப்படித்தான். அம்மா அது குறிப்பேட்டின் தேதி என்று நம்பி, அதைப் பழைய கணக்கு என்று எடுத்துக்கொண்டு மறுபடியும் மாற்றிவிட்டாள்.

உங்கள் அறிக்கை மேசை மேல் கிடந்த அன்று, 212 என்று பார்த்ததுமே எனக்குப் புரிந்துவிட்டது. அம்மா குளித்துக்கொண்டிருந்தாள். அவள் வருவதற்குள் மூன்றாவது நோட்டை எடுத்து என் பள்ளிப் பையில் வைத்துவிட்டேன். அன்று முதல் அது எங்கள் பள்ளியில், சுருட்டி வைத்த நிலப்படங்களுக்குப் பின்னால் இருந்தது. அம்மா அரிசி டப்பாவுக்குள் கைவிட்டுத் தேடியபோது நானும் பக்கத்தில் நின்று தேடினேன் மாமா. கட்டிலுக்கு அடியில் புகுந்து, “இங்க இல்லம்மா” என்று சொன்னேன்.

நோட்டைப் பதிவுத் தபாலில் இத்துடன் அனுப்புகிறேன். நீங்கள் அதைக் குழுவிடம் காட்டி எல்லாவற்றையும் சரிசெய்துவிடுங்கள். அம்மாவிடம் மட்டும் சொல்லாதீர்கள். கெஞ்சிக் கேட்கிறேன்.


மார்ச் 20

எழுத்தெண்ணிக்கு,

நோட்டு வந்தது. இரண்டு முறை முழுதாகப் படித்தேன். மூன்றாம் முறை அந்தப் பதினோரு குறிப்புகளை மட்டும் படித்தேன்.

நீ செய்தது என்ன என்று உனக்கு இன்னும் தெரியவில்லை. தேதியை மாற்றிக் குழப்பியது சின்ன விஷயம். பன்னிரண்டாம் மாதம் ஆறு, ஒன்பது, பதினொன்று, பதினெட்டு. அரசாங்கம் இல்லை என்று அழித்த நாட்களில் ஒரு மருத்துவச்சி எழுந்து, கையைக் கழுவி, பிள்ளைப்பேறு பார்த்து, அந்தத் தேதியைப் போட்டு எழுதியிருக்கிறாள். ஆணை தெரியாமல் இல்லை. ஆறாம் தேதிக் குறிப்பிலேயே, ‘இன்று புதிய வருடத்தின் நான்காம் நாள் என்று கிராம அலுவலர் வந்து சொன்னார். வயிற்றில் இருக்கும் பிள்ளைக்கு யார் சொல்வது?’ என்று இருக்கிறது. சாதாரண மக்கள் அரசாங்கத்தின் காலத்தில் வாழவில்லை என்பதற்கு ஒரு சான்று, ஒன்றே ஒன்று காட்டு என்று கேட்டேன். பதினொன்று இருந்திருக்கிறது. உன் அம்மாவின் புத்தகத்தின் முதுகெலும்பை, அவளுக்கு உதவுவதாக நினைத்து, நீ உருவிவிட்டாய்.

இதைக் கடுமையாகத்தான் எழுதுகிறேன். நாற்பது வருடம் ஆணைகளைப் படித்த எனக்கே இந்தப் பதினோரு வரிக்கு முன் வார்த்தை வரவில்லை என்பதையும் எழுதுகிறேன்.

இப்போது காரியம். நோட்டை மட்டும் நான் குழுவின் முன் வைத்தால், அண்ணன் மனம் மாறித் தங்கைக்குத் துணைபோகிறான் என்பார்கள். நோட்டில் இருப்பது அவள் கையெழுத்து, நேற்று எழுதியதாகவும் இருக்கலாம். ஆனால் நோட்டும், உன் கையெழுத்தில் உள்ள அட்டைகளும், பிழை எப்படி நேர்ந்தது என்ற கணக்கும் மூன்றும் சேர்ந்தால் நம்புவார்கள். அதற்கு அட்டைகள் வேண்டும். அவை உன் அம்மாவிடம் இருக்கின்றன. ஆகவே உன் அம்மாவிடம் நீ சொல்லியாக வேண்டும். நான் சொல்ல மாட்டேன். விசாரணை முடியும்வரை அவளைச் சந்திக்கவோ அவளுக்கு எழுதவோ எனக்கு அனுமதியும் இல்லை.

நோட்டை உன் நூலக முகவரிக்கே திருப்பி அனுப்புகிறேன். அவள் கையில் நீ கொடு. ஏப்ரல் இரண்டுக்கு முன்னால்.

மாமா


மார்ச் 25

அன்புள்ள மாமாவுக்கு,

நோட்டு வந்துவிட்டது. ஆனால் என்னால் முடியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை அம்மா துணி மடித்துக்கொண்டிருந்தபோது சொல்லலாம் என்று போனேன். “அம்மா” என்றேன். “ம்?” என்றாள். “ஒண்ணுமில்ல, சட்டையில பொத்தான் போயிடுச்சு” என்றேன். பொத்தான் நன்றாகத்தான் இருந்தது. வாசல் படியில் நின்று நானே அதைப் பிய்த்தேன்.

திங்கள்கிழமை மறுபடியும் போனேன். அம்மா ஜன்னலோரம் உட்கார்ந்து, ஜப்பானில் இறந்துபோன அந்தப் பெரியவரின் மகனுக்கு ஏழாவது கடிதம் எழுதிக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் பேனாவை வைத்துவிட்டு என்னைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டாள்.

“உங்கப்பா என்னை நோயாளியப் பார்க்கிற மாதிரிப் பார்க்கிறார். துறையில திருடியப் பார்க்கிற மாதிரிப் பார்க்கிறாங்க. நீ ஒருத்திதான்டி என்னை எப்பவும் போலப் பார்க்கிற.”

நான் எப்படிச் சொல்வேன்? அம்மாவின் தலையில் சிக்கு விழுந்திருந்தது. சீப்பை எடுத்துச் சிக்கெடுத்தேன். கொத்துக் கொத்தாக முடி வந்தது. அவளுக்குத் தெரியாமல் அதைச் சுருட்டிப் பாவாடைப் பைக்குள் வைத்துக்கொண்டேன்.

இன்று துறைத் தலைவர் வீட்டுக்கு ஆள் அனுப்பியிருந்தார். ஏப்ரல் இரண்டாம் தேதி அம்மாவே புத்தகத்தைத் திரும்பப் பெறுவதாகக் கையெழுத்துப் போட்டால் ‘புனைவு’ என்ற வார்த்தையைப் பதிவேட்டில் எழுத மாட்டார்களாம். பருவம் முடிந்ததும் வேலையை விட்டுக் கௌரவமாகப் போய்விடலாமாம். அம்மா அந்தத் தாளை வாங்கி வைத்துக்கொண்டாள். கிழிக்கவில்லை. பழைய அம்மாவாக இருந்தால் கிழித்து அந்த ஆளின் கையிலேயே கொடுத்திருப்பாள்.

மாமா, வேறு வழி ஒன்று யோசித்தேன். அச்சகத்தில் எண்களைக் கோக்கும்போது தவறிவிட்டது என்று சொல்லிவிட்டால் என்ன? அச்சுப்பிழை எந்தப் புத்தகத்திலும் வரும். உங்கள் புத்தகத்திலும் வந்தது. நீங்கள் சொன்னால் நம்புவார்கள். யாருக்கும் கெடுதல் இல்லை. தயவுசெய்து மாமா. இதைத் தவிர இனி உங்களிடம் எதுவும் கேட்க மாட்டேன்.


மார்ச் 28

எழுத்தெண்ணிக்கு,

அச்சகத்தின் மேல் பழி போட மாட்டேன். உன் தவறுக்கும் என் தவறுக்கும் எழுத்துக் கோக்கிறவன் என்ன செய்வான்?

‘என் தவறு’ என்று எழுதியதைக் கவனித்திருப்பாய். உன்னிடம் நானும் ஒன்றை மறைத்தேன். அந்த இருபத்தெட்டு நாள் கணக்கு உன் கடிதத்தைப் பார்த்து எனக்குத் தோன்றியதல்ல. அறிக்கை எழுதிய அன்றே தோன்றியது. தாளின் ஓரத்தில் கழித்தும் பார்த்தேன், பொருந்தியது. இரட்டை மாற்றமாக இருக்கலாம், ஆசிரியரிடம் மூலத்தைக் கேட்க வேண்டும் என்று எழுதியிருக்க வேண்டும். ஆனால் அதற்குள், ‘இறந்து இருபத்தைந்து நாட்களான ஒரு பெண் பிரசவிக்கிறாள்’ என்ற வாக்கியம் வந்துவிட்டது. அது அவ்வளவு அழகாக இருந்தது. குறட்டைக்குப் பதில் சொல்ல மூன்று வருடம் காத்திருந்தவன் அதை விட்டுவிடுவானா? வாக்கியத்தை வைத்துக்கொண்டு கணக்கை அழித்தேன்.

இதை அப்படியே இன்று குழுவுக்கு எழுதி அனுப்பிவிட்டேன். ‘புனைவு’ என்ற சொல்லைத் திரும்பப் பெறுகிறேன், விசாரணையைத் தள்ளிவையுங்கள், மூலப் படியும் அட்டைகளும் பார்க்கப்பட வேண்டும் என்று கேட்டிருக்கிறேன். உன்னைப் பற்றி ஒரு வார்த்தை எழுதவில்லை. இனி அட்டைகள் பேச வேண்டும். அவை யார் கையெழுத்து என்பதை நீ பேச வேண்டும்.

நீ ஒருத்திதான் தன்னை எப்பவும் போலப் பார்க்கிறாய் என்று உன் அம்மா சொன்னதாக எழுதியிருக்கிறாய். அதை அவள் இனி சொல்ல மாட்டாள். ஆனாலும் சொல்.

மாமா


ஏப்ரல் 2

அன்புள்ள மாமாவுக்கு,

பள்ளி முடிவதற்கு முன்பே அனுமதி கேட்டுக்கொண்டு அம்மாவின் துறைக்குப் போனேன். விசாரணை நான்கு மணிக்கு. நான் போனபோது மூன்றே கால். அம்மா தன் அறையில் இருந்தாள். அலமாரியில் பாதி காலியாகியிருந்தது. புத்தகங்களைக் கயிற்றால் கட்டித் தரையில் வரிசையாக வைத்திருந்தாள். முடிவு தெரிவதற்கு முன்பே மூட்டை கட்டிவிட்டாள்.

நோட்டைப் பையிலிருந்து எடுத்து மேசைமேல் வைத்தேன். பேசவேண்டும் என்று வழியெல்லாம் ஒத்திகை பார்த்துக்கொண்டு போன வாக்கியங்களில் ஒன்றுகூட வரவில்லை. “நான்தாம்மா எடுத்தேன். அட்டையில தேதிய மாத்தினதும் நான்தான்” என்று மட்டும் சொன்னேன்.

அம்மா நின்றபடியே நோட்டைத் திறந்தாள். பன்னிரண்டாம் மாதம் வந்ததும் விரல் நின்றுவிட்டது. பிறகு மேசை இழுப்பறையிலிருந்து அட்டைப் பெட்டியை எடுத்து, என் கையெழுத்தில் இருந்த பதினொன்றையும் உருவி நோட்டுக்குப் பக்கத்தில் ஒவ்வொன்றாக வைத்தாள். எல்லாம் முடிய ஐந்து நிமிடம் ஆகியிருக்கும்.

“எனக்கு ஞாபகம் இருந்துச்சு” என்றாள், என்னிடம் இல்லை, நோட்டிடம். “அந்தக் கூடத்துல உட்கார்ந்து பன்னிரண்டு, பன்னிரண்டுன்னு எழுதினது கையில இருந்துச்சு. அட்டையில காணோம். சரி, நமக்குத்தான் தப்பா ஞாபகம்னு விட்டுட்டேன். என் கைய நம்பாம அட்டைய நம்பினேன்.”

“மன்னிச்சிடும்மா” என்றேன்.

“தேதிய மாத்தினப்போ உனக்குப் பன்னிரண்டு வயசு. அத நான் மன்னிக்கறதுக்கே ஒண்ணுமில்ல. சரிபார்க்க வேண்டியவ நான். நோட்டை ஒளிச்சு வெச்சப்போ உனக்குப் பதினாலு வயசு.” நிறுத்திவிட்டுச் சொன்னாள்: “எனக்குப் புத்தி பேதலிச்சுப் போச்சுன்னு நான் நம்ப ஆரம்பிச்சிட்டேன்டி. நீ தினமும் எனக்குத் தேதி சொல்லிட்டிருந்த.”

குரலை உயர்த்தவில்லை. அடித்திருந்தால் தாங்கிக்கொண்டிருப்பேன்.

நான்கு மணிக்குத் துறைத் தலைவர் கதவைத் தட்டினார். நான் அறையிலேயே இருந்ததால் எல்லாம் கேட்டேன்.

“உங்க அண்ணன்கிட்டேருந்து கடிதம் வந்திருக்கும்மா. தள்ளிவைக்கலாம்னு உறுப்பினர்கள் நினைக்கிறாங்க. ஆனா காரணம்னு பதிவேட்டுல ஒண்ணு எழுதணும். உதவியாளர் பிழைன்னு போட்டுக்கலாம். அந்த உதவியாளர் யாரு? வந்து ஒரு வார்த்தை சொன்னாப் போதும்.”

நான் எழுந்து நின்றேன். “நான்தான் சார்” என்று சொல்ல வாயைத் திறந்தேன். அம்மா என் தோளைப் பிடித்து அழுத்தி உட்கார வைத்தாள். அவ்வளவு பலமாக அவள் என்னைப் பிடித்ததே இல்லை.

“உதவியாளர்னு யாரும் இல்ல சார்” என்றாள். “அட்டைய மூலத்தோட ஒத்துப் பார்க்காம புத்தகம் எழுதினேன். மாணவர்களுக்கு முதல் வகுப்புல நான் சொல்லிக்கொடுக்கிற பாடமே அதுதான். ஒரு குழந்தையக் கொண்டுவந்து நிறுத்தி, இதாலதான் தப்பாச்சுன்னு நான் சொல்ல மாட்டேன்.”

“அப்படின்னா புத்தகம் நிக்காதும்மா.”

“நிக்கக் கூடாதுதானே? 212-ல இருக்கிறது தப்புதானே?”

“உங்களுக்குப் புரியுதா? இந்தப் பருவத்தோட வேலை...”

“புரியுது சார்.”

புத்தகத்தைத் திரும்பப் பெறுவதாக அவர்கள் அனுப்பியிருந்த அந்தத் தாளை எடுத்து அம்மா கையெழுத்துப் போட்டாள். முதலில் பேனா எழுதவில்லை. தலைவர் தன் பேனாவைக் கொடுத்தார். “யோசிச்சுக்குங்களேன்” என்று அவரே ஒருமுறை சொன்னார். அவர் முகத்தைப் பார்க்கப் பாவமாக இருந்தது. உங்கள் கடிதத்தின் நகலை அம்மாவிடம் தந்துவிட்டுப் போனார். அம்மா அதை முழுக்கப் படித்தாள். இரண்டாம் பக்கத்தைத் திருப்பி மறுபடியும் ஒருமுறை படித்தாள். மடித்து நோட்டுக்குள் வைத்தாள். உங்களுக்கு ஏதாவது சொல்லவா என்று கேட்டேன். பதில் சொல்லவில்லை. ஆகவே உங்களுக்குச் சொல்ல என்னிடம் எதுவும் இல்லை மாமா.

பிறகு நடந்ததையும் எழுதிவிடுகிறேன். எல்லாரும் போனபின் அம்மா கட்டிய மூட்டையில் ஒன்றை அவிழ்த்து, எழுதாத அட்டைக் கட்டு ஒன்றை எடுத்தாள். மேசையில் உட்கார்ந்து முதல் அட்டையில், மேலே இடதுபக்கம், ‘பன்னிரண்டாம் மாதம், 6’ என்று எழுதினாள். கீழே குறிப்பு. அந்தப் புத்தகம் இனி இல்லை, அந்த அறையும் இன்னும் சில வாரத்துக்குத்தான். இருந்தாலும் எழுதினாள். அந்த மணிக்கட்டு இப்போதும் முழுதாகச் சரியில்லை, வேகமாக எழுதினால் வலிக்கும். எழுதியதை நோட்டோடு வைத்து, ஒவ்வொரு எழுத்தாக விரல்வைத்துச் சரிபார்த்த பிறகுதான் அடுத்த அட்டையைத் தொட்டாள்.

“நான் தேதி மட்டும் படிக்கட்டுமாம்மா?” என்று கேட்டேன்.

“வேண்டாம்.”

“அட்டைய வரிசையா அடுக்கட்டுமா?”

“நீ உட்காரு.”

உட்கார்ந்தேன். மேசையின் அந்தப் பக்கம் அம்மா, இந்தப் பக்கம் நான். நடுவில் வெற்று அட்டைகள் என் கைக்கு எட்டும் தூரத்தில்தான் இருந்தன. நான் தொடவில்லை. காவலாளி இரண்டு முறை எட்டிப் பார்த்தார். “பூட்டணும்மா, ஆறாச்சு” என்றார். அம்மா தலை நிமிராமல், “இதோ” என்றாள். ஏழு அட்டைகள் முடிந்திருந்தன. எட்டாவதைச் சரிபார்க்கத் தொடங்கினாள். நடைக்கூடத்தில் ஒவ்வொன்றாக விளக்கு விசைகளைத் தட்டும் சத்தம் நெருங்கி வந்தது. அம்மாவின் விரல் அந்த வரியின் பாதியில் இருந்தபோது, எங்கள் அறையிலும் விளக்குகள் அணைக்கப்பட்டன.